தகரக் கூரையின் கீழ் இரவின் ராணி

போன வியாழக்கிழமை நான் வாயைத் திறந்து முதல் வரியைக்கூட முடிக்கவில்லை. நான்காம் வகுப்புப் பையன் ஒருவன் இரண்டு காதுகளையும் பொத்திக்கொண்டான். கண்களை மூடவில்லை. என் வாயையும் கழுத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டே இருந்தான். பாட்டு முடிந்ததும் கைகளை இறக்கிவிட்டு, "அக்கா, உங்கள் வயிற்றுக்குள் ஸ்பீக்கர் வைத்திருக்கிறார்களா?" என்று கேட்டான்.

வகுப்பே சிரித்தது. நான் சிரிக்கவில்லை. அந்தப் பையனை முன்னால் கூப்பிட்டு, அவன் உள்ளங்கையை என் விலா எலும்பின் பின்பக்கம் வைத்து, மறுபடி ஒரு நீண்ட 'ஆ' பாடிக் காட்டினேன். மூச்சு இழுத்தபோது அவன் கை வெளியே தள்ளப்பட்டது. பாடப் பாட மெல்ல மெல்ல உள்ளே இறங்கியது. "உள்ளே துருத்தி இருக்கிறது" என்று மற்றவர்களுக்கு அறிவித்தான். கொல்லுப்பட்டறை இருக்கும் ஊர்ப் பையன் போலிருக்கிறது. அதைவிடச் சரியாக நானும் சொல்லியிருக்க முடியாது.

கோத்தகிரியிலிருந்து சோலூர்மட்டம் போகும் பாதையில், தேயிலைச் சரிவுக்கு நடுவே இருக்கும் சின்னத் தொடக்கப் பள்ளி அது. மூன்று அறைகள், தகரக் கூரை, 34 பிள்ளைகள். பாதிப்பேர் எஸ்டேட் தொழிலாளர்களின் லைன் வீட்டுப் பிள்ளைகள், மீதிப்பேர் ஹட்டி எனப்படும் பக்கத்துச் சிற்றூர்களிலிருந்து வரும் படுகர் வீட்டுப் பிள்ளைகள். இரண்டு வருடமாக மாதம் இரண்டு வியாழக்கிழமை அங்கே போகிறேன். நான் ஓபரா பாடகி. ஐரோப்பாவில் கதை முழுவதையும் பாட்டாகவே நடத்திக்காட்டும் இசை நாடகத்துக்கு ஓபரா என்று பெயர். அதில் பெண் குரல்களிலேயே உயர்ந்த வகையான சொப்ரானோ என் குரல். சென்னையில் தொடங்கி ஜெர்மனியில் ஆறு வருடம் படித்தேன், பாடினேன். அப்பாவுக்கு உடம்பு முடியாமல் போனபோது குன்னூர் திரும்பினேன். அப்பா போய்ச் சேர்ந்த பிறகும் நான் போகவில்லை.

என் குரலின் முதல் ஆசிரியர் யார் என்று கேட்பவர்களுக்கு நான் அப்பாயியின் பெயரைத்தான் சொல்வேன். 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கை மலையகத்திலிருந்து திருப்பி அனுப்பப்பட்ட லட்சக்கணக்கானவர்களில் அவரும் ஒருவர். நுவரெலியாவில் கொழுந்து பறித்தவர், இங்கே வந்து டேன்டீ என்ற அரசுத் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்தார். லைனில் ஒரு சாவு விழுந்தால் அவர்தான் ஒப்பாரியை எடுப்பார். எதிர்ச் சரிவில் இருப்பவர்களுக்கு யார் செத்தார் என்பது அந்தக் குரலிலிருந்தே தெரிந்துவிடும். மாலையில் திரும்பி வந்து படுத்திருக்கும்போது தொண்டை கட்டியிருக்காது. நாள் முழுக்க அழுது பாடிய மனுஷி, "பாப்பா, வெந்நீர் கொண்டு வா" என்று தெளிவான குரலில் கூப்பிடுவார். குரலை எங்கே ஊன்றிப் பாட வேண்டும் என்று ஜெர்மனியில் எனக்கு மாதக்கணக்கில் சொல்லிக்கொடுத்தபோது, அப்பாயி இரண்டு கையையும் இடுப்பில் குத்தி நிற்கும் நிலைதான் ஞாபகத்துக்கு வந்தது.

பிள்ளைகளுக்குச் செவ்விசை அறிமுகம் என்று யாராவது என்னைக் கூப்பிட்டால் ஒரே ஒரு நிபந்தனை வைக்கிறேன்: மைக் வேண்டாம். இதில் மட்டும் நான் விட்டுக்கொடுப்பதில்லை. ஒருமுறை மலையில் ஒரு பெரிய பள்ளியின் ஆண்டு விழாவில் விட்டுக்கொடுத்தேன். அன்புக்குக் கட்டுப்பட்டுத்தான். அரங்கம் பெரிது, பின்வரிசைக்குக் கேட்காது என்று கவலைப்பட்டார்கள். மேல் ஸ்தாயிக்குப் போனதும் ஸ்பீக்கர் கிறீச்சிட்டது. ஒலிபெருக்கிக்காரர் பதறி ஒலியைக் குறைத்தார், பிறகு கூட்டினார், பிறகு குறைத்தார். பிள்ளைகள் கேட்டது என் குரலை இல்லை, அந்தப் பெட்டியின் தடுமாற்றத்தை. அவர்களில் எத்தனை பேர் இனி ஓபரா என்ற சொல்லைக் கேட்டாலே முகம் சுளிப்பார்கள் என்று நினைத்து அன்று இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை.

மைக்கை ஏன் இவ்வளவு எதிர்க்கிறேன்? இந்தக் கலை மைக் பிறப்பதற்கு முன்பே பிறந்தது. இத்தாலியில் மாந்துவா நகரத்தில் மான்டெவெர்டியின் 'ஓர்ஃபேயோ' என்ற ஓபரா அரங்கேறியது 1607இல். அன்றிலிருந்து இன்றுவரை, வாத்தியக் குழு முழங்கும்போது அதற்கு மேலே ஒரு மனிதத் தொண்டை எப்படித் தனியாகக் கேட்கும் என்ற கேள்விக்குப் பாடகர்கள் கண்டுபிடித்த விடைதான் இந்தக் குரல். வாத்தியக் குழுவின் ஒலி வலிமை நொடிக்கு 500 அதிர்வு அளவில் குவிந்திருக்கிறது. 3,000 அதிர்வுப் பக்கம் போகும்போது மெலிந்துவிடுகிறது. தேர்ந்த ஆண் பாடகர், தொண்டைக்குழியைச் செப்பனிட்டு, தன் ஒலியின் ஒரு பங்கை அந்த மெலிந்த இடத்தில் கொண்டுபோய்க் குவிக்கிறார். நம் காதும் அந்த இடத்தில்தான் மிகக் கூர்மையாகக் கேட்கிறது. சொப்ரானோவுக்கு வழி வேறு. எங்கள் சுரமே உயரத்தில் இருப்பதால், வாயைத் திறந்து, வாய்க்குள் இருக்கும் காற்றறையை அந்தச் சுரத்துக்கே சுருதி சேர்த்துவிடுகிறோம். அண்டாவுக்குள் தலையை விட்டுப் பாடிப் பார்த்தவர்களுக்குத் தெரியும், ஒரு குறிப்பிட்ட சுரம் வந்ததும் அண்டா முழுக்கக் கூடவே பாடும். அதே வேலைதான்.

நம் ஊருக்கு இது புதிதும் இல்லை. நாடக மேடையில் எஸ்.ஜி. கிட்டப்பாவும் கே.பி. சுந்தராம்பாளும் பாடியது எந்த மைக்கை நம்பி? அவர்கள் சேர்ந்து நடித்த கொழும்பு மேடையிலும் கடைசி வரிசைக்காரர் காசு கொடுத்துத்தான் டிக்கெட் வாங்கியிருப்பார். அவருக்கும் கேட்டிருக்க வேண்டும். தெருக்கூத்தில் விடிய விடியப் பாடும் துரியோதனனுக்கும் அதே கணக்கு. ஆனால் இன்றைக்குப் பத்து வயதாகும் பிள்ளைக்கு, பயின்ற குரல் ஒன்றைக் கருவி எதுவும் குறுக்கே இல்லாமல், மூன்று அடி தூரத்தில் நின்று கேட்கும் வாய்ப்பு எங்கே இருக்கிறது? கோயிலில் ஒலிபெருக்கி, மாதா கோயிலில் ஒலிபெருக்கி, கல்யாண வீட்டில் ஒலிபெருக்கி, கையில் போன். நான் மலையேறிப் போவது அந்த மூன்று அடிக்காகத்தான்.

முதலில் குரலைச் சூடேற்ற வேண்டும், அதுவும் இந்தக் குளிரில். உதட்டைத் துடிக்கவிட்டுப் 'ப்ர்ர்ர்' என்று கீழிருந்து மேலே போகும் பயிற்சி இருக்கிறது. அதைப் பிள்ளைகளுக்கு நான் விளக்கியதே இல்லை. "மேட்டுப்பாளையத்திலிருந்து கோத்தகிரிக்கு லாரி ஏறுகிறது" என்று சொன்னால் போதும். 34 லாரிகள் கிளம்பும். கொண்டை ஊசி வளைவு வரும்போது கியரைக் குறைப்பார்கள், வளைவு தாண்டியதும் முக்கி முக்கி ஏறுவார்கள். மேலே போய்ச் சேர்ந்ததும் ஒரு சிறுமி தவறாமல் ஹார்ன் அடிப்பாள். சங்கீத வகுப்பில் ஒரு வருடம் பாடியும் நெஞ்சிலிருந்து தலைக்குக் குரலைச் சிராய்ப்பு இல்லாமல் ஏற்றத் தெரியாதவர்களை நான் பார்த்திருக்கிறேன். இந்தப் பிள்ளைகளின் லாரி மூன்றாவது வியாழனிலேயே ஏறிவிட்டது.

அதன்பிறகு கதை. இந்த வருடம் இசையமைப்பாளர் மொசார்ட்டின் 'மந்திரப் புல்லாங்குழல்' ஓபரா. எளிதான ஏதாவது ஒன்று சொல்லிக்கொடுக்கலாமே, பிள்ளைகள்தானே என்று நல்ல மனதுள்ளவர்களே எனக்கு அறிவுரை சொல்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடே கிடையாது. சின்ன வயிறு என்பதற்காகத் தண்ணீர் கலந்த பாலைக் கொடுப்போமா? இந்த ஓபரா யாருக்காக எழுதப்பட்டது என்று பாருங்கள். வியன்னாவின் அரண்மனை அரங்குகளில் இத்தாலிய மொழிப் பாட்டுக்குத்தான் மதிப்பு. இதுவோ 1791 செப்டம்பர் 30 அன்று, நகர மதிலுக்கு வெளியே இருந்த ஒரு புறநகர்க் கொட்டகையில், சாதாரண ஜனங்கள் பேசிய ஜெர்மன் மொழியில், இடையிடையே வசனத்தோடு அரங்கேறியது. கதை எழுதிய ஷிக்கானேடர்தான் கொட்டகையையும் நடத்தினார். உடம்பெல்லாம் இறகு ஒட்டிக்கொண்டு, பறவை பிடிக்கும் பாப்பகேனோவாக அவரே மேடையேறினார். நம் நாடகக் கம்பெனி வாத்தியார்கள் செய்ததும் இதுதான். அந்தக் கொட்டகையில் முண்டியடித்துக்கொண்டு உட்கார்ந்தவர்களுக்கு அடுத்த வரிசையில் எங்கள் லைன் வீட்டுப் பிள்ளைகள் உட்கார எந்தத் தடையும் இல்லை.

அவர்களுக்கு மிகவும் பிடித்த நிகழ்ச்சி மேடைக்குப் பின்னால் நடந்தது. பாப்பகேனோவிடம் ஒரு மந்திர மணிப்பெட்டி உண்டு. மேடையில் அதை இசைப்பதுபோல ஷிக்கானேடர் பாவனை செய்வார். நிஜமான ஒலி திரைக்குப் பின்னாலிருந்து வரும். ஒருநாள் மொசார்ட்டே பின்னால் போய் அந்த மணிகளை வாசித்தார். ஷிக்கானேடர் பேச்சை நிறுத்தி நின்ற ஓர் இடத்தில், வேண்டுமென்றே திடீரென்று ஒரு சுரவரிசையை உருட்டிவிட்டார். ஷிக்கானேடர் திடுக்கிட்டுத் திரும்பி, புரிந்துகொண்டு, அடுத்த தடவை வாசிக்காமல் நின்றார். மொசார்ட்டும் வாசிக்கவில்லை. பிறகு ஒரு சுரக்கட்டை மறுபடி உருட்டியதும் ஷிக்கானேடர் கையிலிருந்த பெட்டியை ஓங்கித் தட்டி, "வாயை மூடு!" என்றார். கொட்டகை அதிர்ந்தது. மொசார்ட் இதை மனைவிக்குக் கடிதத்தில் எழுதியிருக்கிறார். இந்தக் காட்சியை எங்கள் பிள்ளைகள் இதுவரை ஏழு முறை நடித்துவிட்டார்கள். மணிப்பெட்டிக்குச் சத்துணவுத் தட்டும் கரண்டியும்.

அரங்கேறி 66 நாளில், 35 வயதில், மொசார்ட் இறந்துபோனார் என்று சொன்னபோது வகுப்பு அமைதியாகிவிட்டது. "எங்கள் அப்பாவுக்கும் 35" என்றாள் முன்வரிசையில் ஒருத்தி.

இப்போது அதே ஓபராவில் வரும் இரவின் ராணி. மகளிடம் கத்தியைக் கொடுத்து, எதிரியைக் குத்திக் கொன்றுவிட்டு வா, இல்லாவிட்டால் நீ என் மகளே இல்லை என்று அவள் சீறும் பாட்டைத்தான் வியாழக்கிழமை பாடினேன். மொசார்ட் அதைத் தன் மனைவியின் அக்கா யோசெஃபா ஹோஃபருக்காக எழுதினார். உச்சிச் சுரம் நொடிக்குக் கிட்டத்தட்ட 1,400 அதிர்வு. ஐந்து கட்டைச் சுருதியில் பாடும் கர்னாடக இசைப் பாடகி மேல் ஸ்தாயிப் பஞ்சமத்தைத் தொட்டு நின்றால் அது 590 அதிர்வுக்குச் சற்றுக் குறைவு. ராணி அதற்கும் மேலே ஒரு ஸ்தாயியைத் தாண்டி நின்று கொத்துகிறாள். எல்லா நாளும் எனக்கு அந்தச் சுரம் அகப்படும் என்று சொல்ல மாட்டேன். அன்று அகப்பட்டது.

"அக்கா, வார்த்தையே புரியவில்லை" என்றார்கள். ஜெர்மன் மொழியாயிற்றே என்று சொல்லி முடித்திருக்கலாம். ஆனால் அது முழு உண்மை இல்லை. ஜெர்மன்காரருக்கும் அந்த உயரத்தில் புரியாது. அதனால் ஒரு சோதனை வைத்தேன். முதுகைக் காட்டி நின்றுகொண்டு, தாழ்ந்த சுரத்தில் ஆ, ஈ, ஊ என்று பாடினேன். எல்லாவற்றையும் சரியாகச் சொன்னார்கள். பிறகு உயரத்தில் ஒரே ஒரு உயிரெழுத்தைப் பாடி, இது என்ன எழுத்து என்று கேட்டேன். கரும்பலகையில் கை எண்ணிக்கை எழுதப்பட்டது: ஆ என்று 17 பேர், ஓ என்று 10 பேர், ஈ என்று 7 பேர். நான் பாடியது ஈ. ஒரு உயிரெழுத்தை இன்னொன்றிலிருந்து பிரித்துக் காட்டுவது வாய்க்குள் எழும் தாழ்ந்த எதிரொலிகள். சுரம் அவற்றைத் தாண்டி மேலே போய்விட்டால் எழுத்துகளுக்குள் வேறுபாடு அழிந்துவிடுகிறது. இதைச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே, மணிப்பெட்டிக் காட்சியில் கரண்டி பிடிக்கும் பெண் எழுந்து நின்று சொன்னாள்: "எங்கள் அம்மாவுக்கு ரொம்பக் கோபம் வந்தால் என்ன திட்டுகிறார் என்றே புரியாது. குரல் மட்டும்தான் வரும்."

அந்தப் பாட்டை நான் பத்து வருடமாகப் பாடுகிறேன். கோபம் மொழியைத் தாண்டிப் போகும் இடத்தில்தான் மொசார்ட் சொற்களைக் கைவிட்டுவிட்டு வெறும் சுரங்களைக் கொட்டியிருக்கிறார் என்பது எனக்குத் தெரியும். ஆனால் அந்தப் பெண் சொன்னபோதுதான் என் முதுகுத்தண்டில் அது உறைத்தது.

மழை அப்போதுதான் பிடித்தது. கோத்தகிரிப் பக்கம் ஐப்பசி மழைதான் பெரிய மழை. தகரத்தின் மேல் அது கொட்டினால் பக்கத்தில் இருப்பவர் கத்தினாலும் கேட்காது. எந்தத் தொண்டையும் அதோடு போட்டி போட முடியாது. பையில் நான்கு பலூன்கள் வைத்திருந்தேன். ஒன்றை ஊதி, சைகையாலேயே எல்லோரையும் நெருங்கி உட்காரச் சொன்னேன். வகுப்பில் அதிகம் பேசாத ஒரு சிறுமியிடம் அதைக் கொடுத்து, இரண்டு உள்ளங்கைகளுக்கும் நடுவே மெதுவாகப் பிடிக்க வைத்தேன். மஞ்சள் பலூன். அதிலிருந்து ஒரு சாண் தள்ளி முகத்தை வைத்து, நடுத்தர சுரம் ஒன்றைப் பிடித்து நிறுத்தினேன். மழைச் சத்தத்தில் என் குரல் எனக்கே சரியாகக் கேட்கவில்லை. ஆனால் பலூன் அதிர்ந்தது. அவள் விரல்கள் சட்டென்று விரிந்தன; பலூன் நழுவப் பார்த்தது, பிடித்துக்கொண்டாள். நான் நிறுத்தினேன். பலூனைப் பார்த்தாள். மறுபடி பாடினேன். இந்த முறை பலூனைக் கன்னத்தில் வைத்துக்கொண்டாள். மேலே ஏறினேன், கீழே இறங்கினேன். சுரம் மாறும்போதெல்லாம் அவள் புருவம் மாறியது. பிறகு பலூன் கை மாறிக் கை மாறி 34 பேரிடமும் போனது. மழை விட அரை மணி நேரம் ஆயிற்று. அந்த அரை மணியில் ஒருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை, ஒருவரும் இடத்தை விட்டு எழவும் இல்லை.

இது வெளிநாட்டுச் சங்கீதம்தானே, நம் பிள்ளைகளுக்கு எதற்கு என்று ஆசிரியர்கள் அறையில் ஒருவர் உண்மையான அக்கறையோடு கேட்டார். அவருக்கு முத்துசுவாமி தீட்சிதரின் நோட்டுஸ்வரம் ஒன்றை, மேல்நாட்டு மெட்டில் அமைந்த பாட்டை, பாடிக் காட்டினேன். 'சந்ததம் பாஹிமாம்' என்று அம்பாளைப் பாடுவார். மெட்டு ஆங்கிலேயரின் ராஜ வாழ்த்து. இருநூறு வருடத்துக்கு முன்பே அவர் காது அவ்வளவு திறந்திருந்தது. அவர் தம்பி பாலுசுவாமி தீட்சிதர் கற்றுக்கொண்டு வந்த பிடில் இன்று நம் கச்சேரியில் நம் வாத்தியமாகவே உட்கார்ந்திருக்கிறது. அதே மூச்சில் இன்னொன்றும் சொன்னேன்: இந்த ஊருக்குப் பெயர் தந்த கோத்தர்கள், நாகசுரம்போல ஊதும் குழலும் பறையும் வளைந்த பித்தளைக் கொம்பும் கொண்ட தனி இசை மரபு உள்ளவர்கள். அதையும் இந்தப் பிள்ளைகள் மூன்று அடி தூரத்தில் கேட்க வேண்டும். அதற்குப் பாடப்புத்தகத்தில் படம் போட்டால் போதாது, அவர்களையே வகுப்புக்கு அழைத்து வர வேண்டும். அவர் தலையாட்டினார். வைகாசிக்குள் ஏற்பாடு செய்யலாம் என்றார். நான் நாட்குறிப்பில் எழுதிவைத்திருக்கிறேன், விடப்போவதில்லை.

பாப்பகேனோவின் பாட்டை மட்டும் தமிழில் எழுதிக் கற்றுக்கொடுக்கிறேன். அவன் ஊதும் சின்னக் குழலில் ஐந்தே சுரம்தான், ஒரே மூச்சில் கீழிருந்து மேலே: ச ரி க ம ப, அசல் சங்கராபரணம். பள்ளிக்குக் கீழே ஓடை ஓரச் சோலையில் சீகாரப் பூங்குருவி இருக்கிறது. சோம்பேறிப் பையன் வழி நடந்துகொண்டே சீட்டியடிப்பதுபோல இழுத்து இழுத்துப் பாடும். அதற்குப் பாப்பகேனோவின் சுரத்தைக் கற்றுக்கொடுத்தே தீருவது என்று ஐந்தாம் வகுப்புப் பையன்கள் மூன்று பேர் தினமும் காலையில் ஓடைக்குப் போகிறார்களாம்.

நான்கே முக்கால் பஸ்ஸுக்கு நின்றுகொண்டிருந்தேன். மழைக்குப் பிறகு பனி இறங்கி, எதிர்ச் சரிவில் லைன் வீடுகளின் விளக்கு மட்டும்தான் தெரிந்தது. அங்கிருந்து ஒரு சீட்டி கிளம்பியது. ஐந்து சுரம். கொஞ்சம் தள்ளி இன்னொரு வீட்டிலிருந்து பதில் வந்தது, பிறகு மூன்றாவதாக ஒன்று. நான்காவது சுரத்தில், அந்த மத்திமத்தில், மூன்று பேருமே சற்றுத் தாழ்ந்து விழுகிறார்கள். அடுத்த வியாழன் முதல் வேலை அதைத் தூக்கி நிறுத்துவதுதான்.